நாம் பார்த்த ஆட்டமும் நமக்குக் காட்டப்பட்ட ஆட்டமும்



சென்ற பருவத்தில் தொடக்கநிலை ஐந்தாம் வகுப்பு மாணவர்களை, 'நான் கண்டு களித்த விளையாட்டுப் போட்டி' என்னும் தலைப்பில் கட்டுரை எழுதச் சொன்னேன். ஏறத்தாழ எல்லாப் பிள்ளைகளும் தொலைக்காட்சியில் பார்த்த ஆட்டங்களைப் பற்றியே எழுதியிருந்தனர். ஒரு மாணவன் மட்டும் தன் தாத்தாவுடன் ஜாலான் புசார் விளையாட்டரங்கிற்குச் சென்று பார்த்த காற்பந்து ஆட்டத்தைப் பற்றி எழுதியிருந்தான். அவன் எழுதிய ஒரு வாக்கியம் என்னை நெடுநேரம் சிந்திக்க வைத்தது. "கோல் விழுந்தபோது நான் வேறு பக்கம் பார்த்துக்கொண்டிருந்தேன், அதைத் திரும்பக் காட்டவே இல்லை" என்பதே அது.

முதலில் சிரிப்பு வந்தது. பிறகு ஐயம் எழுந்தது. அந்தப் பிள்ளைக்கு விளையாட்டு என்பது திரும்பக் காட்டப்படுவது. அருகில் கொண்டுவந்து காட்டப்படுவது. ஒருவர் விளக்கிச் சொல்வது. திடலில் நடந்த ஆட்டம் அவனுக்குக் குறையுள்ள ஒன்றாகத் தோன்றியிருக்கிறது. குறை திடலிலா, நாம் பார்க்கப் பழகிக்கொண்ட முறையிலா? இவ்வினாவுக்கு விடை தேடப் போய்ச் சற்று வரலாற்றுக்குள் நுழைய வேண்டியதாயிற்று.

கண்ணால் கண்ட காலம்

தேக்கா வட்டாரத்தில் நடப்பவர்களுக்கு ரேஸ் கோர்ஸ் சாலை புதிதன்று. இன்று அது மீன்தலைக் கறிக்கும் வாழையிலைச் சாப்பாட்டிற்கும் பெயர்பெற்ற சாலை. அப்பெயர் வெறும் பெயரன்று. 1843 முதல் 1933 வரை ஏறத்தாழ தொண்ணூறு ஆண்டுகள் அதன் அருகிலிருந்த ஃபேரர் பார்க் திடலில்தான் சிங்கப்பூரின் குதிரைப் பந்தயம் நடைபெற்றது. பந்தயம் புக்கித் தீமாவிற்குச் சென்றபின் அந்தத் திடல் காற்பந்துக்கும் ஓட்டப் பயிற்சிக்கும் உரியதாயிற்று. அங்கிருந்து நடந்து செல்லும் தொலைவில், 1929-இல் திறக்கப்பட்ட ஜாலான் புசார் விளையாட்டரங்கம் இருக்கிறது.

அக்காலத்தில் ஆட்டத்தைப் பார்க்க வேண்டுமானால் அங்கே போக வேண்டும். போகாதவர்கள் போனவர்களைக் கேட்க வேண்டும். இல்லையேல் மறுநாள் நாளிதழைப் படிக்க வேண்டும். 1960-இல் ரோம் நகர ஒலிம்பிக் போட்டியில் டான் ஹோவ் லியாங் பளு தூக்கி வெள்ளிப் பதக்கம் வென்றார். சிங்கப்பூரின் முதல் ஒலிம்பிக் பதக்கம் அது. அப்போது சிங்கப்பூரில் தொலைக்காட்சியே கிடையாது.

களத்தைக் காணாதவர்க்கு அதைக் கண்டவர் எடுத்துச் சொல்லும் மரபு தமிழுக்குப் புதிதன்று. செயங்கொண்டாரின் கலிங்கத்துப் பரணியை நினைத்துப் பாருங்கள். கலிங்கப் போரை நாம் நேரே காண்பதில்லை. காளிக்குக் கூளி சொல்லக் கேட்கிறோம். கூளி நடுநிலையாளன் அன்று. அது சொல்லும் போர், வென்றவரின் போர். தோற்ற கலிங்கர் தரப்பில் ஒரு கூளி நின்று சொல்லியிருந்தால் வேறொரு நூல் கிடைத்திருக்கும்.

வானொலி வந்தபோது இந்த மரபு புது வடிவம் பெற்றது. தமிழ்நாட்டில் அகில இந்திய வானொலியின் தமிழ்க் கிரிக்கெட் வருணனையைக் கேட்டு வளர்ந்த தலைமுறையினர் சாத்தான்குளம் அப்துல் ஜப்பாரை மறந்திருக்க மாட்டார்கள். 2020-இல் மறைந்த அவர், பந்து போகும் திசையையும் ஆட்டக்காரரின் கால் நகர்வையும் தமிழில் சொல்லியே கேட்பவர் மனத்தில் திடலை எழுப்பியவர். வானொலியில் ஒரு நேர்மை உண்டு. தாம் பார்க்கவில்லை, ஒருவர் சொல்லக் கேட்கிறோம் என்பது கேட்பவர்க்கு எப்போதும் நினைவில் இருக்கும். தொலைக்காட்சி அந்த நினைவைத்தான் முதலில் அழித்தது.

பெட்டி வந்த கதை

1963 பிப்ரவரி 15 அன்று சிங்கப்பூரில் தொலைக்காட்சிச் சேவை சோதனை முறையில் தொடங்கியது. தொடங்கிவைத்தவர் அன்றைய கலாசார அமைச்சரும் யாழ்ப்பாணத் தமிழ்க் குடும்பத்தில் பிறந்தவருமான சி. ராஜரத்தினம். அவ்வாண்டு ஏப்ரல் 2-ஆம் தேதி முறையான சேவை தொடங்கியது. வீட்டுக்கு வீடு பெட்டி இல்லாத காலம். மாலையில் மக்கள் சமூக மன்றங்களில் கூடி, தரையில் அமர்ந்தும் சன்னலுக்கு வெளியே நின்றும் பார்த்தார்கள்.

தொலைவில் நடப்பதை அந்நேரமே காண்பதற்கு இன்னும் சில ஆண்டுகள் பிடித்தன. செந்தோசாத் தீவில் துணைக்கோளத் தரைநிலையம் 1971-இல்தான் திறக்கப்பட்டது. 1974 ஜூலை 7 அன்று மேற்கு ஜெர்மனியும் நெதர்லாந்தும் மோதிய உலகக் கிண்ணக் காற்பந்து இறுதியாட்டம் மியூனிக் நகரில் நடைபெற்றது. சிங்கப்பூர்த் தொலைக்காட்சியின் முதல் வண்ண நேரடி ஒளிபரப்பு அதுவே. அக்காலச் சிங்கப்பூர் நேரப்படி ஆட்டம் தொடங்கியபோது இரவு பத்தரை மணி. நெதர்லாந்தின் ஆரஞ்சு நிறம் ஆரஞ்சாகவே தெரிந்த இரவு அது. அதுவரை எந்த அணி எது என்பதைச் சாம்பல் நிறத்தின் அடர்த்தியைக் கொண்டே அறிய வேண்டியிருந்தது.

அதற்கு முந்தைய ஆண்டு, 1973 ஜூலையில், ஏறத்தாழ 55,000 பேர் அமரக்கூடிய தேசிய விளையாட்டரங்கம் காலாங்கில் திறக்கப்பட்டிருந்தது. மலேசியக் கிண்ண ஆட்டங்களின்போது அங்கு எழுந்த முழக்கத்திற்குக் 'காலாங் முழக்கம்' என்றே பெயர் அமைந்தது. 1977 மே 28 அன்று கோலாலம்பூர் மெர்டேக்கா அரங்கில் பினாங்கை 3-2 என்று வென்று, பன்னிரண்டு ஆண்டுகளுக்குப் பிறகு சிங்கப்பூர் அக்கிண்ணத்தைக் கைப்பற்றியது. அணித்தலைவர் சமது அல்லாப்பிச்சை. பக்கவாட்டில் ஓடி, பந்தை வாழைப்பழம்போல் வளைத்து உதைப்பதில் பெயர்பெற்றவர் எஸ். ராஜகோபால். மலாய்க்காரரும் சீனரும் இந்தியரும் கலந்த அந்த அணியின் பெயர்களை நம் பெரியவர்கள் இன்றும் வரிசையாகச் சொல்வார்கள்.

இங்கே என்னைப் பற்றி ஒன்று சொல்லியாக வேண்டும். 1993-இல் என் அண்ணனுடன் காலாங் அரங்கிற்குச் சென்று, வி. சுந்தரமூர்த்தி ஆடிய ஆட்டம் ஒன்றைப் பார்த்தேன். பல ஆண்டுகளாக அந்த ஆட்டத்தை மாணவர்களிடம் விரித்துரைத்து வந்திருக்கிறேன். கோல் அடித்தபின் அவர் முகத்தில் மலர்ந்த சிரிப்பையும் நெற்றியில் வழிந்த வியர்வையையும் சேர்த்தே சொல்வேன். இந்தக் கட்டுரைக்காக யோசித்தபோதுதான் உறைத்தது: நாங்கள் அமர்ந்திருந்தது மேல்தட்டில், கடைசி வரிசைகளில். அங்கிருந்து பார்த்தால் ஆட்டக்காரர்கள் விரல் நகத்தின் அளவுதான் இருப்பார்கள். வியர்வை எப்படித் தெரியும்? பின்னர்த் தொலைக்காட்சியில் பார்த்த முகத்தை, நான் நேரில் கண்ட ஆட்டத்தின்மேல் என் மனமே ஒட்டிவைத்திருக்கிறது. நேரில் சென்று பார்த்தவனின் நினைவையே தொலைக்காட்சி திருத்தி எழுதிவிட்டது. இதை அண்ணனிடம் சொன்னபோது, "எனக்கும் அந்தச் சிரிப்புதானடா ஞாபகம் இருக்கிறது" என்றார்.

கேமரா நிற்கும் இடம்

தொலைக்காட்சி ஆட்டத்தைக் 'காட்டுகிறது' என்கிறோம். உண்மையில் அது தேர்ந்தெடுக்கிறது. கிரிக்கெட்டை எடுத்துக்கொள்வோம். நெடுங்காலம் திடலின் ஒரு முனையில் மட்டுமே முதன்மைக் கேமரா இருந்தது. ஆகவே ஒரு ஓவரில் பந்து வீசுபவரின் பின்னாலிருந்து பார்த்தவர்கள், அடுத்த ஓவரில் மட்டையாளரின் முதுகைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். 1977-இல் ஆஸ்திரேலியத் தொழிலதிபர் கெர்ரி பேக்கர் தம் தொலைக்காட்சிக்காகத் தனிப் போட்டித் தொடரைத் தொடங்கியபோது இரு முனைகளிலும் கேமராக்களை நிறுத்தினார். அதன்பின் பந்து எப்படித் திரும்புகிறது என்பதை வீட்டிலிருப்பவர், அரங்கின் பக்கவாட்டில் கட்டணம் செலுத்தி அமர்ந்திருப்பவரைவிடத் தெளிவாகக் கண்டார்.

மீள்காட்சியின் கதையும் சுவையானது. சிங்கப்பூரில் தொலைக்காட்சி தொடங்கிய அதே 1963-இல், டிசம்பர் 7 அன்று, அமெரிக்காவில் தரைப்படை, கடற்படைக் கல்லூரிகள் மோதிய ஆட்டத்தில் உடனடி மீள்காட்சி முதன்முதலாகக் காட்டப்பட்டது. இது புதிதாக அடித்த புள்ளியன்று, சற்றுமுன் நடந்ததையே மீண்டும் காட்டுகிறோம் என்று வருணனையாளர் பார்வையாளர்களை எச்சரிக்க வேண்டியிருந்தது. அன்று விளக்கம் தேவைப்பட்ட ஒன்று, இன்று இல்லாவிட்டால் என் மாணவன் குறைப்படும் ஒன்றாகிவிட்டது.

காலப்போக்கில் ஆட்டங்களே தொலைக்காட்சிக்கு ஏற்ப மாறின. 1970 உலகக் கிண்ணத்திற்குக் கறுப்பு வெள்ளைக் கட்டங்கள் கொண்ட பந்து அறிமுகமானது, கறுப்பு வெள்ளைத் திரையில் தெளிவாகத் தெரிவதற்காகவே. டென்னிஸ் பந்து மஞ்சளானது 1972-க்குப் பிறகு; வண்ணத் திரையே அதற்குக் காரணம். மேசைப்பந்தின் விட்டம் 2000-இல் 38 மில்லிமீட்டரிலிருந்து 40 மில்லிமீட்டராயிற்று; பந்து சற்று மெதுவாகச் சென்றால் பார்ப்பவர் கண் பின்தொடரும் என்பது முக்கிய நோக்கங்களுள் ஒன்று.

நம் சடுகுடுவுக்கு நேர்ந்ததும் இதுவே. புழுதித் திடலில், கோடு கிழித்து, ஊர் கூடிப் பார்த்த ஆட்டம் அது. 2014-இல் தொடங்கிய புரோ கபடித் தொடரில் அது வண்ண மெத்தைக்கும் ஒளிவெள்ளத்திற்கும் வந்தது. பாடிச் செல்பவருக்கு முப்பது நொடி. அந்த நொடிகள் திரையில் குறைந்துகொண்டே வரும். முன்பு மூச்சின் நீளமே ஆட்டத்தின் அளவுகோல், இப்போது கடிகாரம். இதனால் ஆட்டம் கெட்டுவிட்டது என்று நான் சொல்ல வரவில்லை. நகரத்துப் பிள்ளைகள் கபடி வீரர்களின் பெயர்களை அறிந்திருப்பதே அதனால்தான். ஆனால் அவர்கள் அறிந்திருப்பது தொலைக்காட்சிக்காக மறுவடிவம் பெற்ற சடுகுடு என்பதை நாம் அவர்களுக்குச் சொல்ல வேண்டும்.

காது கண்ணை வெல்லும்போது

படத்தைவிட வலிமையானது அதனுடன் வரும் சொல். 1977-இல் அமெரிக்க ஆய்வாளர்கள் கோமிஸ்கி, பிரையண்ட், சில்மன் ஆகிய மூவரும் பனிவளைகோற்பந்து ஆட்டத்தின் இரு பகுதிகளைப் பார்வையாளர்களுக்குக் காட்டினர். ஒன்றில் ஆட்டக்காரர்கள் உண்மையிலேயே முரட்டுத்தனமாக மோதினர். வருணனையாளர் அதைப் பெரிதுபடுத்தவில்லை. மற்றொன்றில் ஆட்டம் இயல்பாக இருந்தது. வருணனையாளரோ அது கடும் மோதல் என்பதுபோல் பேசினார். ஒலியின்றிப் பார்த்தவர்கள் முரட்டு ஆட்டத்தைச் சரியாகவே இனங்கண்டனர். ஒலியுடன் பார்த்தவர்கள் இயல்பான ஆட்டத்தையே முரட்டு ஆட்டம் என்றனர். கண்ணுக்கு முன்னால் இருந்ததைக் காது மாற்றிவிட்டது.

1982-இல் வெளிவந்த மற்றோர் ஆய்வில் ஒரே டென்னிஸ் ஆட்டம் மூன்று விதமான வருணனையுடன் காட்டப்பட்டது. ஆடுபவர் இருவரும் நண்பர்கள் என்று ஒரு குழுவுக்கும், ஒருவரையொருவர் வெறுப்பவர்கள் என்று இன்னொரு குழுவுக்கும் சொல்லப்பட்டது. மூன்றாம் குழுவிடம் அவர்களுடைய உறவைப் பற்றி எதுவும் கூறப்படவில்லை. பகைவர்கள் என்று கேட்ட குழுவே ஆட்டத்தை மிகவும் சுவைத்தது. ஆட்டக்காரர்களிடம் பகைமையையும் அதிகமாகக் கண்டது. 'பழிக்குப் பழி' என்றும் 'வாழ்வா சாவா' என்றும் ஒளிபரப்பாளர்கள் விளம்பரம் செய்வது ஏன் என்பது இப்போது விளங்கும்.

மெதுவியக்கக் காட்சியை நாம் சான்றாகவே கருதுகிறோம். ஆனால் 2016-இல் வெளியான ஆய்வொன்று, ஒரு செயலை மெதுவாகக் காட்டும்போது, செய்தவர் அதை வேண்டுமென்றே செய்தார் என்று பார்ப்பவர் நினைக்கும் வாய்ப்பு கூடுகிறது என்று காட்டியது. காரணம் எளிது. நொடிப்பொழுதில் நடந்ததை நீட்டிக் காட்டினால், அவருக்கு யோசிக்க நேரம் இருந்ததுபோல் நமக்குத் தோன்றுகிறது.

இவற்றையெல்லாம்விட என்னைக் கவலை கொள்ளச் செய்தது 2020-இல் வெளிவந்த ஓர் ஆய்வு. ஐரோப்பாவின் முன்னணிக் காற்பந்துத் தொடர்களின் எண்பது ஆட்டங்களுக்கான ஆங்கில வருணனையை அது ஆராய்ந்தது. வெளிர்நிறத் தோலுடைய ஆட்டக்காரர்களை அறிவுக்காகவும் உழைப்புக்காகவும் பாராட்டுவது மிகுதி. கருநிறத் தோலுடையவர்களைப் பற்றிப் பேசும்போது வலிமையும் வேகமுமே மிகுதி. எந்த வருணனையாளரும் திட்டமிட்டு இதைச் செய்வதில்லை. வாரந்தோறும் கேட்கும் பிள்ளையின் மனத்தில் 'இவர் சிந்திப்பவர், அவர் ஓடுபவர்' என்னும் பாகுபாடு அமைதியாகப் படிகிறது. பல இனத்தார் ஒரே வகுப்பில் அமர்ந்திருக்கும் நம் ஊரில், நம் பிள்ளைகளும் அந்தக் கருநிறத் தோலுக்குரியவர்களாய் இருக்கும் நிலையில், இது வெறும் விளையாட்டுச் செய்தியன்று.

காட்டப்படாதவர்கள்

காட்டப்பட்டது நினைவில் நிற்கும். காட்டப்படாதது எண்ணாகச் சுருங்கும். 2016 ஆகஸ்ட் 13, சனிக்கிழமை காலை ஒன்பது மணியளவில், ரியோவில் ஜோசப் ஸ்கூலிங் 100 மீட்டர் வண்ணத்துப்பூச்சி நீச்சலை 50.39 விநாடியில் முடித்துச் சிங்கப்பூரின் முதல் ஒலிம்பிக் தங்கத்தை வென்றதை நாடே நேரலையில் பார்த்தது. அன்று பிறந்திராத பிள்ளைகளும் அந்தக் காட்சியைப் பார்த்திருக்கிறார்கள்.

சி. குணாளனை எத்தனை பிள்ளைகளுக்குத் தெரியும்? 1966-இல் பேங்காக்கில் நடந்த ஆசிய விளையாட்டுப் போட்டியின் 100 மீட்டர் ஓட்டத்தில் மலேசியாவின் மு. ஜெகதீசன் தங்கமும் சிங்கப்பூரின் குணாளன் வெள்ளியும் பெற்றனர். 1968-இல் மெக்சிகோ ஒலிம்பிக் போட்டியில் குணாளன் ஓடிய 10.38 விநாடி, 2001-இல் உ.கா. ஷியாம் 10.37 விநாடியில் ஓடும்வரை முப்பத்து மூன்று ஆண்டுகள் தேசியச் சாதனையாக நின்றது. அவர் ஆசிரியர், பின்னாளில் ஆசிரியர்களுக்கே உடற்கல்வி கற்பித்தவர். ஆனால் மெக்சிகோவிலிருந்து சிங்கப்பூருக்குத் துணைக்கோள நேரலை வருவதற்கு அப்போது வழியில்லை. அவர் ஓடியதை நம்மவர் காணவில்லை. ஆகவே ஸ்கூலிங் ஒரு காட்சியாக நிற்க, குணாளன் ஓர் எண்ணாக நிற்கிறார்.

நாம் என்ன செய்யலாம்?

தொலைக்காட்சியை அணைத்துவிடுங்கள் என்று அறிவுரை கூற நான் வரவில்லை. அதை முதலில் நானே பின்பற்ற மாட்டேன். யார் சொன்னாலும் அதில் உள்ள உண்மையைத் தேர்ந்து அறிவதே அறிவு என்று அறிவுடைமை அதிகாரத்தில் வள்ளுவர் கூறுவதைப் பிள்ளைகளுக்குப் பாடமாக நடத்துகிறோம். அதைப் பயிற்சியாகவும் செய்து பார்க்கலாம்.

என் வகுப்பில் காற்பந்து ஆட்டத்தின் ஐந்து நிமிடப் பதிவை ஒலியில்லாமல் ஓடவிட்டு, இருவர் இருவராக எழுந்து தமிழில் வருணனை செய்யச் சொன்னேன். முதலில் யாரும் வாய் திறக்கவில்லை. ஆட்டத்தை ஆங்கிலத்திலேயே கேட்டு வளர்ந்தவர்கள். கண் காண்கிறது, நாவில் தமிழ்ச் சொல் இல்லை. சற்று நேரம் கழித்து ஒரு மாணவி, "பந்தைத் தட்டிவிட்டான்... அவன் தடுமாறுகிறான்... தள்ளினானா? இல்லை, தானே விழுந்தான்" என்றாள். பக்கத்திலிருந்தவன், "இல்லை, தள்ளினான்!" என்றான். வகுப்பு இரண்டாகப் பிரிந்தது. ஒரே காட்சியை இருவர் இருவிதமாகச் சொல்ல முடியும் என்பதைப் பிள்ளைகள் அன்று தாமே கண்டுகொண்டார்கள். மூலை உதை, எல்லைக்கோடு, வளைந்த பந்து, நழுவிய கை எனச் சொற்களும் ஒவ்வொன்றாக வந்தன.

பெற்றோர்களே, இதை வீட்டில் செய்வது இன்னும் எளிது. ஆட்டத்தின் நடுவே பத்து நிமிடம் ஒலியைக் குறைத்துவிட்டு, "என்ன நடக்கிறது, சொல்லு" என்று பிள்ளையைக் கேளுங்கள். மீள்காட்சி வரும்போது, "முதலில் பார்த்தபோது உனக்கு என்ன தோன்றியது?" என்று கேளுங்கள். தாத்தா, பாட்டி இருந்தால் காலாங் கதைகளைச் சொல்லச் சொல்லுங்கள். ஆண்டில் ஒருமுறையாவது பிள்ளையை அழைத்துக்கொண்டு ஜாலான் புசாருக்குப் போய்வாருங்கள்.

கட்டுரையைத் திருப்பிக் கொடுக்கும்போது அந்த மாணவனிடம் கேட்டேன்: "கோல் விழுந்தபோது வேறு பக்கம் பார்த்தேன் என்று எழுதியிருக்கிறாயே, எந்தப் பக்கம் பார்த்தாய்?"

"தாத்தாவைப் பார்த்தேன் ஐயா. பந்து உள்ளே போவதற்கு முன்னாலேயே அவர் எழுந்து நின்றுவிட்டார்" என்றான்.

எந்தக் கேமராவும் அதைக் காட்டியிருக்காது. அதையும் கட்டுரையில் சேர்த்து எழுதிவரச் சொன்னேன்.